அர்மாந்தின் இஸ்திரிக் கடையில் படித்த கதைகள்

அர்மாந்தின் தன் மகள் வாழ்க்கையில் மண்ணை அள்ளிப் போடப் பார்த்தவள் என்று ப்ரெசாக் ஊரில் இன்றைக்கும் சிலர் சொல்கிறார்கள். நாவல் படித்துப் படித்துப் புத்தி பேதலித்தவளாம். தான் கெட்டது போதாதென்று கூட வேலை பார்த்த இஸ்திரிக்காரிகளையும் கெடுத்தவளாம். இப்படிச் சொல்கிறவர்கள் யார் யார் என்று எனக்குத் தெரியும். அவர்கள் வீட்டுத் தலையணை உறைகளில் எங்கெங்கே ஒட்டுப் போட்டிருக்கிறது என்பதும் தெரியும். கெட்டுப்போன இஸ்திரிக்காரிகளில் நானும் ஒருத்தி. பெயர் நொயெமி. அவள் மேசைக்கு அடுத்த மேசையில் என் பாதி ஆயுளை நின்றே கழித்தவள். ஆகையால் அவள் கதையை நான்தான் சொல்லவேண்டும், மற்றவர்கள் கொஞ்சம் வாயை மூடிக்கொண்டிருக்கட்டும்.

தாய் தகப்பன் இல்லாமல் கன்னியர் மடத்தில் வளர்ந்தவள் அர்மாந்தின். எழுத்துக் கூட்டிப் படிக்கவும் கஞ்சி போட்டுத் தேய்க்கவும் அங்கேதான் கற்றுக்கொண்டாள். படிப்பதற்குக் கிடைத்ததெல்லாம் வேதசாட்சிகளின் சரித்திரம். "எல்லாப் பொண்ணும் கடைசியில தலை வெட்டுப்பட்டே சாகறாடி நொயெமி. ஒருத்தியாவது கோவிச்சுக்கிட்டுப் பெட்டியைத் தூக்கிட்டுக் கிளம்பியிருக்கக் கூடாதா?" என்பாள். கன்னியாஸ்திரிகளே அவளுக்கு மாப்பிள்ளை பார்த்தார்கள். ஒரு கொத்தனார். ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வாசலில் வைத்துக் காட்டினார்கள், அந்த மாதமே கட்டிவைத்தார்கள். நல்ல மனுஷன். மகள் லெயோந்தின் தத்தித் தத்தி நடக்கத் தொடங்கியபோது, கோயில் கோபுரத்துக்குப் போட்டிருந்த சாரத்திலிருந்து விழுந்து செத்துப்போனான்.

அதற்குப் பிறகுதான் அவள் சந்தைக்குப் பின்னால் உள்ள சந்தில் இஸ்திரிக் கடை போட்டாள், நாவலும் படிக்க ஆரம்பித்தாள். ஒரு தடவை நான் கேட்டேன், காதல் கதை படிக்கிறாயே, கட்டினவனை நினைத்து ஏக்கமாக இருக்காதா என்று. "கட்டிக்கிட்டு அஞ்சு வருஷம் இருந்தேன். அவன் போனப்புறம்தான் கதையில படிச்சேன், காதல்னா இப்படி இப்படி இருக்கும்னு. படிச்சதும் தெரிஞ்சுபோச்சு, எங்கிட்ட இருந்தது அதுதான்னு. முன்னாடியே படிச்சிருந்தா அவன்கிட்டயே சொல்லியிருப்பேன்" என்றாள். சொல்லிவிட்டு ஒரு காலரை இரண்டு தரம் தேய்த்தாள். அதிகம் அழுகிற ஜாதி அல்ல அவள். சூப்பில் உப்பை அள்ளிக் கொட்டுவாள், கரிக்கிறது என்று சொன்னால் ரொட்டியை நிறையச் சேர்த்துக்கொள் என்பாள். தன்மேல் தப்பு என்று அவள் ஒத்துக்கொண்டு நான் பார்த்ததில்லை.

துலூஸிலிருந்து ரயிலில் வரும் பத்திரிகை காப்பிக்கடைக்கு வரும். காப்பிக்கடைக்காரனின் வெள்ளை ஏப்ரன்களை நாங்கள் சும்மா தேய்த்துக் கொடுத்தோம், அவன் முந்தின நாள் பத்திரிகையைச் சும்மா கொடுத்தான். மேலே மந்திரிசபை கவிழ்ந்துகொண்டே இருக்கும், பக்கத்தின் அடியில் கோட்டுக்குக் கீழே தொடர்கதை ஓடிக்கொண்டே இருக்கும். அர்மாந்தின் கத்தரிக்கோலால் அடிப்பாகத்தை மட்டும் நறுக்கி எடுப்பாள். மேல்பாகம் அடுப்புப் பற்றவைக்க ஆயிற்று. பத்து மணிக்குக் காப்பி குடித்த கையோடு, ஜன்னல் பக்கம் கவிழ்த்துப் போட்ட துணித்தொட்டியில் உட்கார்ந்து படிப்பாள். அவள் பங்குச் சட்டைகளை நாங்கள் மூன்று பேரும் பிரித்துக்கொள்வோம். நான், லெயோந்தின், பிறகு வாயாடி பெர்னாத். இப்படிச் செய்யலாம் என்று யாரும் பேசி வைத்ததில்லை. அவள் உட்கார்ந்ததும் சட்டைகள் தாமாக எங்கள் மேசைக்கு வந்துவிடும்.

படித்து முடித்த துண்டை இளம் சூட்டில் ஒரு தேய்ப்புத் தேய்த்துச் சுருக்கம் எடுப்பாள். ஒரு கதை முடிந்ததும் துண்டுகளை அடுக்கிச் சணல் நூலால் தைத்து, சர்க்கரைக் கட்டி சுற்றிவரும் நீலக் காகிதத்தால் அட்டை போடுவாள். அந்த நீலப் புத்தகங்கள் வீடு வீடாகப் போய் வந்தன. டாக்டர் பெண்டாட்டிகூட வேலைக்காரியை அனுப்பி, கைக்குட்டைகளுக்கு அடியில் ஒளித்து வாங்கிப்போவாள். ஞாயிற்றுக்கிழமை கோயிலில் சாமியார் நாவல்களைத் திட்டும்போது முதலில் தலையாட்டுகிறவளும் அவள்தான்.

லெயோந்தினுக்குக் கல்யாண வயசு வந்த வருஷம் ஓடிய கதை ஒக்தவி என்று ஒரு பெண்ணைப் பற்றியது. கர்னல் மகள். அவளை ஒரு சர்க்கரை ஆலைக்காரனுக்குக் கொடுப்பதென்று நோட்டரி முன்னால் கல்யாண ஒப்பந்தம் எழுதப் போகிறார்கள். அவள் மனசோ நிலம் அளக்க வந்த ஒருவனிடம். இதை வைத்துக்கொண்டு எங்கள் கடையில் நடந்த சண்டை கொஞ்சநஞ்சம் அல்ல.

"ஆலைக்காரனுக்கு என்ன குறைச்சல்? பல் எல்லாம் இருக்குன்னு எழுதியிருக்கான்ல?" என்பாள் பெர்னாத்.

"பல்லையா கட்டிக்கிறது?" என்பாள் லெயோந்தின்.

"நீ சின்னப் பொண்ணு. பல்லு இல்லாதவன்கூட ஒரு குளிர்காலம் இருந்து பாரு, அப்புறம் பேசு."

"ரெண்டு பேரும் சும்மா இருங்கடி. கர்னல் உள்ள வரான்" என்று அர்மாந்தின் அதட்டுவாள். கர்னல் வந்தால் அவள் குரல் தடித்துவிடும். ஆளுக்கு ஒரு குரல் வைத்திருந்தாள். வினை அங்கேதான் வந்தது.

கதையில் ஒரு மளிகைக்கடை விதவை வருவாள். காப்பிக்கு எத்தனை சர்க்கரைக் கட்டி போட்டார்கள் என்று எண்ணுகிறவள், வந்தவர்களை உட்காரச் சொல்லாதவள், மகன் எங்கே போகிறான் என்று திரைச்சீலை இடுக்கு வழியாகப் பார்க்கிறவள். பாரீஸில் உட்கார்ந்து எழுதினவன் எங்கள் ஊரைக் கனவில்கூடக் கண்டிருக்கமாட்டான். ஆனால் எங்கள் ஊரில் தெல்மாஸ் அம்மாள் இருந்தாள், அவளும் மளிகைக்கடை விதவைதான். அர்மாந்தினுக்குக் குறும்பு. அந்த விதவை பேசுகிற இடமெல்லாம் தெல்மாஸ் அம்மாளின் குரலிலேயே படித்தாள். மூக்கால் இழுத்து, ஒவ்வொரு வாக்கியத்துக்கும் கடைசியில் ஒரு பெருமூச்சு. அச்சு அசல். பெர்னாத் இஸ்திரிப் பெட்டியை வைத்துவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொள்வாள்.

ஒரு நாள் அப்படிப் படித்துக்கொண்டிருக்கும்போது கதவைத் திறந்துகொண்டு தெல்மாஸ் அம்மாளின் ஒரே மகன் ஃபிர்மேன் வந்து நின்றான். "எங்கம்மா இங்க வந்திருக்காங்களா? சந்துல போறப்போ குரல் கேட்டுச்சு" என்றான்.

எங்களுக்குச் சிரிப்பு அடங்க வெகுநேரம் ஆயிற்று. அவனுக்கு விஷயம் புரிந்து காது மடல்வரை சிவந்துபோனான். கோபித்துக்கொண்டு போவான் என்று பார்த்தால், தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு கதவோரம் நின்று, அன்றைய பகுதி முடியும்வரை கேட்டான். மறுநாள் கஞ்சி மாவு கொண்டுவருகிறேன் என்று வந்தான். அதற்கு மறுநாளும் கஞ்சி மாவு. அந்த மாதம் நாங்கள் வாங்கிய கஞ்சி மாவில் ஊரையே விறைப்பாக்கி நிற்க வைத்திருக்கலாம். அவன் கதை கேட்க வருகிறான் என்று அர்மாந்தின் நினைத்தாள். லெயோந்தின் தேய்க்கிற கையைப் பார்க்க வருகிறான் என்று நானும் பெர்னாத்தும் முதல் நாளே பேசிக்கொண்டோம்.

அந்தப் பெண்ணுக்கும் அவன்மேல் உயிர். இஸ்திரிக்காரி மகளை மளிகைக்கடைப் பையன் கட்டுவது எங்கள் ஊரில் சாதாரண விஷயம் அல்ல. ஃபிர்மேன் தன் அம்மாவிடம் எப்படியோ பேசி, முகம் வாடி, சாப்பாட்டை ஒதுக்கி, கடைசியில் அவளைச் சம்மதிக்க வைத்தான். வழக்கப்படி மாப்பிள்ளையின் அம்மா பெண் வீட்டுத் துணி அலமாரியைப் பார்க்க வந்தாள். விரிப்பு எத்தனை, துண்டு எத்தனை, மூலையில் சிவப்பு நூலால் பெண்ணின் பெயரெழுத்து தைத்திருக்கிறதா என்றெல்லாம் பார்க்கவேண்டும் அல்லவா. இஸ்திரிக்காரி வீட்டு அலமாரியில் குறை சொல்ல என்ன இருக்கிறது? வெள்ளை வெளேர் என்று அடுக்கியிருந்தது. தெல்மாஸ் அம்மாள் ஒவ்வொரு அடுக்குக்கும் கையை உள்ளே விட்டுப் பார்த்தாள். கடைசி அடுக்கில் விரிப்புகளுக்கு அடியில் அவள் கை எதிலோ இடித்தது. நீலப் புத்தகம் ஒன்று வந்தது. அதன் பின்னால் இன்னொன்று. அடுக்கு முழுக்க அதுதான்.

ஒன்றைப் பிரித்து இரண்டு வரி பார்த்துவிட்டு மூடினாள். "இதை உங்க பொண்ணும் படிப்பாளா?"

"அவ காதால கேட்டே வளர்ந்தவம்மா" என்றாள் அர்மாந்தின்.

"பெருமையாச் சொல்றீங்க. கல்யாணத்துக்கு முன்னாடியே இதெல்லாம் தெரிஞ்ச பொண்ணை நான் வீட்டுக்குள்ள சேர்க்கணுமா?"

"தெரிஞ்சுக்கிட்டுத்தானே வரா. தெரியாம வந்துட்டு அப்புறம் முழிக்கிறதைவிட நல்லதுதானே?"

தெல்மாஸ் அம்மாள் பெருமூச்சு விட்டாள். "என் குரலை வச்சு நீங்க கடையில கூத்து அடிக்கிறது எனக்குத் தெரியாதுன்னு நினைச்சீங்களா? என் பையனுக்காக அதைப் பொறுத்துக்கறேன். ஆனா இந்தக் குப்பையெல்லாம் எரியணும். ஒப்பந்தம் எழுதற அன்னைக்கு, நோட்டரி வீட்டு அடுப்புல, என் கண்ணு முன்னாடி. அப்புறம்தான் கையெழுத்து."

நான் அந்த இடத்தில் இருந்தேன். அர்மாந்தின் அவளை வாசலைப் பார்த்துப் போகச் சொல்வாள் என்று காத்துக்கொண்டிருந்தேன். பங்குச் சாமியாருக்கே எதிர்ப்பேச்சு பேசினவள் அவள். ஆனால் மகள் முகத்தைப் பார்த்தாள். லெயோந்தின் கதவுநிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். "சரி" என்றாள் அர்மாந்தின்.

எனக்கு வந்த ஆத்திரத்தில் அன்று இரண்டு தலையணை உறை தீய்ந்தது. "மூளை இருக்கா உனக்கு? இத்தனை வருஷம் தைச்சு வச்சதைக் கொண்டுபோய் அவ அடுப்புல கொட்டுவியா?" என்று கேட்டேன்.

"காகிதம்டி."

"காகிதமா?"

"காகிதத்துக்காக என் பொண்ணை வீட்டுல உக்கார வைக்கச் சொல்றியா? இன்னொரு தரம் இதைப் பேசாதே" என்றாள்.

ஒப்பந்தம் எழுதும் நாள் நல்ல குளிர். நோட்டரி ருகைரோல் வீட்டுக் கூடத்தில் அடுப்பு திகுதிகு என்று எரிந்துகொண்டிருந்தது. புத்தகக் கூடையின் ஒரு காதை அர்மாந்தினும் மறு காதை நானும் பிடித்துத் தூக்கிப்போனோம். அதனால்தான் என்னை உள்ளே விட்டார்கள். தெல்மாஸ் அம்மாள் கறுப்புப் பட்டு உடுத்தி உட்கார்ந்திருந்தாள், பக்கத்தில் ஃபிர்மேன் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு. நோட்டரி விரிப்புகள், துண்டுகள், மேசைத்துணிகள், செம்புப் பாத்திரம் என்று மூச்சு விடாமல் படித்தார். கையெழுத்து ஆனதும் மணப்பெண் கன்னத்தில் முத்தமிடுவது நோட்டரியின் உரிமை. அதற்காக முன்கூட்டியே மீசையைத் துடைத்து வைத்திருந்தார்.

"முதல்ல அது" என்று தெல்மாஸ் அம்மாள் கூடையைக் காட்டினாள்.

அர்மாந்தின் அடுப்பு முன்னால் மண்டியிட்டாள். ஒரு நீலப் புத்தகத்தை எடுத்து உள்ளே வைத்தாள். தேய்த்துத் தேய்த்துச் சருகாகக் காய்ந்த காகிதம், சட்டென்று பிடித்துக்கொண்டது. இரண்டாவதை வைத்தாள். அது ஒக்தவி கதை. சணல் நூல் எரிகிற வாடை வந்தது. நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். பார்க்க முடியவில்லை எனக்கு. மூன்றாவது, நான்காவது என்று வைத்துக்கொண்டே போனாள். அவள் மறுபேச்சில்லாமல் செய்கிறதைப் பார்த்ததும் தெல்மாஸ் அம்மாளுக்கு இன்னும் கேட்கலாம் என்று தோன்றிவிட்டது.

"இன்னொண்ணு. திங்கக்கிழமையிலேருந்து கடையில படிக்கிறதும் கூடாது. என் மருமகளோட அம்மா இஸ்திரிக்காரிங்களுக்குக் காதல் கதை வாசிக்கிறான்னு ஊர் பேசக்கூடாது. ஐயா, அதையும் ஒரு வரி சேர்த்துக்குங்க."

"அதெல்லாம் ஒப்பந்தத்துல சேர்க்க வழியில்லைம்மா" என்றார் நோட்டரி.

"அப்ப வாயால சொல்லட்டும். சிலுவை மேல கை வச்சு, எல்லார் முன்னாடியும்."

அர்மாந்தின் கையில் ஒரு புத்தகம் இருந்தது. அதை அடுப்பில் வைக்கப்போனவள் வைக்கவில்லை. எழுந்தாள். பாவாடை முட்டியில் சாம்பல் ஒட்டியிருந்தது.

"அம்மா, காகிதத்தைக் கேட்டீங்க, குடுத்தேன். இன்னும் அந்த அலமாரியைக் கேளுங்க, விரிப்போட சேர்த்துக் குடுக்கறேன். என் பொண்ணுக்காக என்ன வேணா குடுப்பேன். என் குரல் அலமாரியில இல்லை. அதை நான் யாருக்கும் குடுக்கமாட்டேன்."

"அப்ப கல்யாணமும் இல்லை."

அர்மாந்தின் மகள் பக்கம் திரும்பினாள். தாய்க்காரி முகத்தில் பயத்தை நான் அன்றுதான் முதல்முதலாகப் பார்த்தேன். "லெயோந்தின், நீ சொல்லும்மா. நீ வேணும்னு ஒரு வார்த்தை சொன்னா..."

லெயோந்தின் கையில் பேனா இருந்தது. அவள் ஃபிர்மேனைப் பார்த்தாள். "நீ ஏதாவது சொல்லப்போறியா?"

ஃபிர்மேன் தன் அம்மாவைப் பார்த்தான், பிறகு தொப்பியைப் பார்த்தான். தொப்பிக்குள் ஏதாவது எழுதியிருக்கும் என்று நினைத்தானோ என்னவோ.

"சரி" என்று பேனாவைக் கீழே வைத்தாள் அந்தப் பெண். "அம்மா, கூடையைத் தூக்கு. மிச்சம் இருக்கிறதையாவது வீட்டுக்குக் கொண்டுபோவோம்." மூன்று பேரும் வெளியே வந்தோம். நோட்டரி மீசையைத் துடைத்தது வீணாய்ப் போயிற்று.

தெருவில் பாதி தூரம் வந்ததும் அர்மாந்தின் கூடையைக் கீழே வைத்தாள். "உன்னைக் கெடுத்துட்டேனாடி?" என்று மகளிடம் கேட்டாள்.

"கெடுக்கலை. நீ சத்தியம் பண்ணியிருந்தா நான் செத்துப்போயிருப்பேன். ஆனா அவன்மேல இருக்கிற ஆசை போகலைம்மா. அதுக்கு என்ன பண்றதுன்னு உன் கதையில எங்கயாவது எழுதியிருக்கா?"

"எழுதியிருக்கு. ஒவ்வொருத்தன் ஒவ்வொரு மாதிரி எழுதியிருக்கான். எதுவும் உருப்படியா இல்லை" என்று அவளைக் கட்டிக்கொண்டு அழுதாள். நானும் அழுதேன். அப்புறம் கூடையைத் தூக்கிக்கொண்டோம்.

ஊர் பேசியது. பேசாமல் இருக்குமா? பெரிய வீட்டுத் துணிகள் ஒவ்வொன்றாக வராமல் நின்றன. டாக்டர் பெண்டாட்டி துணி அனுப்புவதை நிறுத்தினாள், வாங்கிப்போன இரண்டு புத்தகங்களை மட்டும் திருப்பித் தரவில்லை. அர்மாந்தின் செய்தது ஒன்றே ஒன்று. பத்து மணி ஆனதும் ஜன்னலை விரியத் திறந்துவைத்துப் படித்தாள். பனிக்காற்று உள்ளே வந்து எங்கள் விரல் எல்லாம் மரத்துப்போயிற்று.

"அக்கா, ஊருக்குக் கேக்கணும்னா கேக்கட்டும், நாங்க விறைச்சுச் சாகணுமா?" என்றாள் பெர்னாத்.

"குளிர்னா இஸ்திரிப் பெட்டியைக் கட்டிப் புடிச்சுக்கோ" என்றாள்.

சந்தில் போகிறவர்கள் நிற்க ஆரம்பித்தார்கள். முதலில் பால்காரி நின்றாள், பிறகு தச்சன் பெண்டாட்டி. கையில் வேலை இருப்பதுபோல ஒரு வாளியையோ துடைப்பத்தையோ பிடித்துக்கொண்டு நிற்பார்கள். லெயோந்தின் மட்டும் கதையில் யாராவது யாரையாவது கல்யாணம் செய்துகொள்ளும் இடம் வந்தால், பெட்டியைச் சுட வைக்கிறேன் என்று கொல்லைப்பக்கம் போய்விடுவாள். அர்மாந்தின் அதைப் பார்ப்பாள். பார்த்தும் படித்துக்கொண்டே போவாள். அவள் நெஞ்சு பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

குளிர்காலம் முடிகிற சமயம் ஒரு நாள் ஃபிர்மேன் கதவைத் திறந்துகொண்டு வந்தான். பெர்னாத் அவன் தலையில் கொட்டுவதற்குக் கஞ்சித்தொட்டியைக் கையில் எடுத்துவிட்டாள். அர்மாந்தின் அவனைப் பார்த்தும் பாராததுபோலப் பகுதி முடியும்வரை படித்தாள். முடிந்ததும் அவன் லெயோந்தினிடம், எங்கள் எல்லார் முன்னாலும் பேசினான்.

"அன்னைக்கு எனக்கு வாய் வரலை."

"இன்னைக்கு வந்திருக்கா?"

"நோட்டரிகிட்ட போறேன். எனக்கு இருபத்தஞ்சு முடிஞ்சுபோச்சு."

எங்களுக்கு அது போதும், புரிந்துவிட்டது. இருபத்தைந்து தாண்டிய மகன் தாய் சம்மதிக்காவிட்டாலும் கல்யாணம் செய்துகொள்ளலாம். ஆனால் அதற்கு முன்னால் நோட்டரியையும் இரண்டு சாட்சிகளையும் அனுப்பி, மாதத்துக்கு ஒரு தடவையாக மூன்று தடவை, மிகுந்த மரியாதையோடு தாயின் சம்மதத்தைக் கேட்கவேண்டும். சட்டம் அப்படி. அதற்குப் பெயரே மரியாதை மனு. பெற்ற தாய் முகத்தில் அறைவதற்கு அதைவிட மரியாதையான வழி எங்கள் நாட்டில் கிடையாது.

"மூணு தடவையும் கேட்டுட்டு வா. அப்புறம் என்னைக் கேளு. நானும் யோசிக்கணும்" என்றாள் லெயோந்தின். ஆனால் அன்று அவள் பெட்டியைச் சுட வைக்கக் கொல்லைக்குப் போகவில்லை.

முதல் தடவை நோட்டரி கறுப்புக் கோட்டு மாட்டிக்கொண்டு, பேக்கரிக்காரனையும் காப்பிக்கடைக்காரனையும் கூட்டிக்கொண்டு சந்தை வழியாகப் போனார். ஊரே வாசல் கூட்டிக்கொண்டிருந்தது, அவ்வளவு சுத்தமாக எங்கள் ஊர் என்றைக்கும் இருந்ததில்லை. "தங்கள் மகன் தங்களை வணங்கி, தங்கள் மேலான சம்மதத்தை வேண்டுகிறார்" என்று நோட்டரி படித்தார். "முடியாது" என்று கதவைச் சாத்தினாள் தெல்மாஸ் அம்மாள். அன்று மாலைக்குள் ஃபிர்மேனின் துணிப்பெட்டி தெருவில் இருந்தது. அவன் ரயில் நிலையத்துச் சரக்குக் கொட்டகையில் வேலைக்குச் சேர்ந்து அங்கேயே படுத்துக்கொண்டான். இரண்டாவது தடவை போனபோது நல்ல மழை. ஜெபமாலை சொல்லி முடிக்கிறேன் என்று மூன்று பேரையும் வாசலிலேயே நிற்க வைத்து நனையவிட்டு, பிறகு கதவைத் திறந்து "முடியாது" என்றாள்.

மூன்றாவது தடவை நோட்டரி போய் வந்த பிறகு ஃபிர்மேன் கடைக்கு வந்தான். அர்மாந்தின் நறுக்கின துண்டைக் கையில் வைத்திருந்தாள், இன்னும் படிக்க ஆரம்பிக்கவில்லை. அவன் முகத்தைப் பார்த்தால் என்ன நடந்தது என்று சொல்ல முடியவில்லை.

"என்ன சொன்னாங்க?" என்றாள் லெயோந்தின்.

"சம்மதம்னாங்க."

அவன் தொடர்ந்தான். "கடையும் எனக்கே, மாடி வீடும் எனக்கே, பெரிய பூசை வச்சுக் கல்யாணம் பண்ணி வைக்கறாங்களாம். உங்கம்மா படிக்கிறதை நிறுத்தினா."

நான் அர்மாந்தினைப் பார்த்தேன். பெர்னாத் அர்மாந்தினைப் பார்த்தாள். அவள் என்ன செய்வாள் என்று எனக்கே தெரியவில்லை. ஒரு தடவை தாங்கினாள், குளிர்காலம் முழுக்க மகள் முகத்தைப் பார்த்தபடி தாங்கினாள். அதே கேள்வியை மறுபடியும் அவள் முன்னால் கொண்டுவந்து வைத்துவிட்டார்கள். அவள் வாயைத் திறந்தாள். அதற்குள் ஃபிர்மேன் கையைக் காட்டினான்.

"இருங்கத்தை, முடிக்கலை. நோட்டரி என்னைக் கேட்டார், இதைச் சம்மதம்னு எழுதறதா, மறுத்தாங்கன்னு எழுதறதான்னு. மறுத்தாங்கன்னு எழுதச் சொல்லிட்டேன்."

"கடை?" என்றாள் பெர்னாத். அவளுக்கு எப்போதும் அதுதான்.

"கடை அம்மாவோடது."

லெயோந்தின் இஸ்திரிப் பெட்டியை மேசையிலேயே வைத்துவிட்டு அவனிடம் போனாள். நான்தான் ஓடிப்போய் அந்தப் பெட்டியை எடுத்தேன், இல்லாவிட்டால் மேயர் சட்டை போயிருக்கும். அவள் யோசித்துவிட்டாளா என்று அவன் கேட்கவும் இல்லை, அவள் சொல்லவும் இல்லை. அர்மாந்தின் துணித்தொட்டியில் உட்கார்ந்து ஏப்ரனால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். ஒரு மாதம் கழித்து நகரசபைக் கூடத்தில், கதவு திறந்திருக்க, மேயர் முன்னால் கல்யாணம் நடந்தது. மறுநாள் காலை கோயிலில் பக்கத்துச் சிறு பீடத்தில் சாமியார் அவசரமாக ஆசீர்வதித்தார். மணி அடிக்கவில்லை. விருந்துக்கு இஸ்திரி மேசைகளையே சேர்த்துப் போட்டோம். அவ்வளவு வெள்ளையான மேசைத்துணியில் எந்தக் கர்னல் மகளும் சாப்பிட்டிருக்கமாட்டாள்.

தெல்மாஸ் அம்மாள் வரவில்லை. தன் துணிகளை ஆற்றுக்கு அந்தப்பக்கத்து ஊருக்கு அனுப்பத் தொடங்கியிருந்தாள். நற்கருணைத் திருநாள் வந்தது. பவனியில் எங்கள் ஊர்ப் பெரிய மனுஷிகள் லேஸ் தொப்பி வைத்துக்கொண்டு நடக்கவேண்டும். ஓரம் முழுக்கக் குழல் குழலாக மடிப்பு எடுத்த தொப்பி. அந்தப்பக்கத்து ஊர்க்காரிகள் தெல்மாஸ் அம்மாளின் தொப்பியை மடிப்பு எடுக்காமல் வெறும் துவைத்த துணியாகவே திருப்பி அனுப்பிவிட்டார்கள். அந்த மடிப்பு எடுக்கத் தெரிந்த கை இந்தச் சுற்றுவட்டாரத்தில் லெயோந்தினுடையது ஒன்றுதான்.

திருநாளுக்கு முந்தின நாள் பத்து மணிக்குமேல் கதவு திறந்தது. தெல்மாஸ் அம்மாள் தொப்பியை ஒரு துண்டில் சுற்றிக் கையில் வைத்திருந்தாள். அர்மாந்தின் படித்துக்கொண்டிருந்தாள். ஜன்னல் திறந்திருந்தது. வெளியே வழக்கமான கூட்டம் வாளியும் துடைப்பமுமாக நின்றிருந்தது.

"எனக்கு வேலை ஆகணும். அதை நிறுத்தச் சொல்லுங்க" என்றாள் தெல்மாஸ் அம்மாள். யாரிடம் சொன்னாளோ தெரியாது.

லெயோந்தின் போய் தொப்பியை வாங்கிக்கொண்டாள். விரித்துப் பார்த்து, கஞ்சியில் நனைத்துப் பிழிந்து, மடிப்பு எடுக்கிற இரும்புக் குழலைச் சூடாக்க வைத்தாள். "இதுக்கு நேரம் ஆகும் அத்தை. ஒவ்வொரு மடிப்பா எடுக்கணும்" என்றாள், நல்ல மரியாதையோடு.

தெல்மாஸ் அம்மாள் கதவைப் பார்த்தாள், தொப்பியைப் பார்த்தாள். போகவில்லை. அர்மாந்தின் தலை நிமிராமல் அடுத்த வரிக்குப் போனாள், குரலைக் கொஞ்சம் உயர்த்திக்கொண்டாள். கடைசி மடிப்பு எடுத்து முடியும்வரை சம்பந்தியம்மாள் நின்றபடியே கதை கேட்டாள். எங்களில் ஒருத்தியும் நாற்காலி போடவில்லை.